கவந்தி: சித்தியர் பெண்களின் ஒட்டுத்துணிப் போர்வை

செஞ்சிக் கோட்டை 1649 முதல் 1677 வரை பீஜப்பூர் சுல்தானகத்தின் வசம் இருந்தது என்பதும், அந்த அரசின் படையிலும் அவையிலும் ஹப்ஷிகள் எனப்பட்ட ஆப்பிரிக்க வழியினர் உயர்ந்த பொறுப்புகளை வகித்தனர் என்பதும் தக்காண வரலாற்றைப் படித்தவர்கள் அறிந்த செய்திகளே. அகமதுநகர் அரசை முகலாயருக்கு எதிராகத் தாங்கி நிறுத்திய மாலிக் அம்பர் (1548–1626), அடிமையாக விற்கப்பட்டு இந்தியா வந்து சேர்ந்தவர். 1750இல் பிரெஞ்சுக்காரர்கள் செஞ்சியைக் கைப்பற்றிய காலத்தில் புதுச்சேரிப் படையிலும் ஆப்பிரிக்க வீரர்கள் இருந்ததை ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பு காட்டுகிறது. ஆயினும் செஞ்சி, மேல்சித்தாமூர், திண்டிவனம் வட்டாரத்தில் அவர்களுடைய வழித்தோன்றல்கள் தனித்த சமூகமாக இன்று இல்லை. படைவீரர்களின் பெயர்கள் அரசுகளின் ஏடுகளில் நிற்க, அவர்களோடும் அவர்களுக்குப் பின்னும் கடல் கடந்து கொண்டுவரப்பட்ட எளிய மக்களின் வாழ்வை அறிய வேண்டுமானால் கர்நாடகத்தின் உத்தர கன்னட மாவட்டத்துக்குச் சென்று, அங்குள்ள பெண்கள் பழந்துணியில் தைக்கும் போர்வைகளைத்தான் பார்க்க வேண்டியிருக்கிறது.

அம்மாவட்டத்தின் ஹளியாள், எல்லாப்பூர், முண்டகோடு ஆகிய வட்டங்களிலும் அவற்றை ஒட்டிய காட்டுப்பகுதிகளிலும் வாழும் ஆப்பிரிக்க வழியினர் சித்தியர் என்று அழைக்கப்படுகின்றனர். பதினாறாம் நூற்றாண்டு முதல் போர்த்துக்கீசியர் மொசாம்பிக் முதலிய கிழக்கு ஆப்பிரிக்கப் பகுதிகளிலிருந்து கோவாவுக்குக் கொண்டுவந்த அடிமைகளில் தப்பி ஓடியவர்களும் விடுவிக்கப்பட்டவர்களும் மேற்குத் தொடர்ச்சி மலைக் காடுகளில் குடியேறினர் என்பது பொதுவாக ஏற்கப்படும் வரலாறு. தக்காண சுல்தான்களின் படைகளிலிருந்து பிரிந்து வந்தவர்களும் அவர்களோடு கலந்திருக்கக்கூடும். இவர்களில் இந்து, கிறித்தவம், இஸ்லாம் ஆகிய மூன்று சமயத்தவரும் உள்ளனர். கொங்கணியை அடியாகக் கொண்ட ஒரு வழக்கையும் கன்னடத்தையும், முஸ்லிம் குடும்பங்களில் உருதையும் பேசுகின்றனர். பெரும்பாலோர் சிறு நிலத்தில் பயிரிடுபவர்களாகவும் பிறர் வயலிலும் பாக்குத் தோட்டத்திலும் கூலிக்குச் செல்பவர்களாகவும் இருக்கும் இச்சமூகம், கர்நாடகத்தில் பழங்குடியினர் பட்டியலில் சேர்க்கப்பட்டது 2003இல்தான்.

மழை ஓய்ந்த மாதங்களில் இவ்வூர்களுக்குச் செல்பவரின் கண்ணில் முதலில் படுபவை வேலியிலும் கொடியிலும் காயும் கனத்த போர்வைகள். கவந்தி என்று சித்தியர் அழைக்கும் இப்போர்வை, உடுத்தி நைந்த துணிகளைத் துண்டுகளாக்கி, ஒரு பழைய நூல்சேலையை அடித்துணியாக விரித்து, அதன்மேல் வைத்துத் தைக்கப்படுவது. உள்ளே பஞ்சு வைப்பதில்லை; துணிகளின் அடுக்கே கனத்தையும் கதகதப்பையும் தருகிறது. மலையோரத்து மழைக்காலத்தில் ஈரம் ஏறும் தரையில் விரிக்கவும், மார்கழிக் குளிரில் போர்த்தவும், குழந்தையைக் கிடத்தவும் இதுவே பயன்படுகிறது.

தைக்கும் முறையை அருகிருந்து கவனித்தால்தான் இதன் தனித்தன்மை விளங்கும். உலகின் பல பகுதிகளில், முதலில் துண்டுகளை இணைத்து மேல்துணியை முழுமையாக உருவாக்கிக் கொண்டு, பிறகு அதை அடித்துணியோடு சேர்த்துத் தைப்பதே ஒட்டுத்துணிப் போர்வையின் வழக்கமான முறை. கவந்தியில் இவ்விரு வேலைகளும் ஒரே நேரத்தில் நடைபெறுகின்றன. பெண் தரையில் அமர்ந்து, விரித்த சேலையின் ஒரு மூலையில் முதல் துண்டை வைக்கிறாள். அதன் பிசிறு விளிம்பை ஊசி பிடிக்காத கையின் விரலால் உள்ளே மடித்து, பெருவிரல் நகத்தால் அழுத்திப் பிடித்துக்கொண்டே, கெட்டியான நூல் கோத்த ஊசியை மேலும் கீழுமாக ஓட்டிச் செல்கிறாள். ஓட்டுத் தையல் எனப்படும் இந்த எளிய தையல் எல்லா அடுக்குகளையும் ஊடுருவிப் போகிறது. ஒரு துண்டு முடியுமிடத்தில் அடுத்த துண்டு அதன் விளிம்பின்மேல் சற்றே ஏறி அமர்கிறது. இவ்வாறு நான்கு ஓரங்களையும் சுற்றி முடித்த பின், தையல் வரிசை உள்நோக்கி அடுத்த சுற்றுக்கு நகர்ந்து, செவ்வகத்துக்குள் செவ்வகமாகச் சுருங்கி, கடைசியில் நடுவில் எஞ்சும் சிறு இடைவெளியில் ஒரு துண்டு வைத்து மூடப்படும்போது போர்வை முடிவடைகிறது.

முன்கூட்டி வரைந்த கோலமோ அளவெடுத்த அட்டையோ இம்முறையில் கிடையாது. அடுத்து எந்த நிறம், எவ்வளவு அகலம் என்பதை, கையருகே குவிந்திருக்கும் துணிக்குவியலையும் அதுவரை தைத்த பகுதியையும் மாறி மாறிப் பார்த்து, அவ்விடத்திலேயே முடிவு செய்ய வேண்டும். ஒரு சட்டையின் முதுகுப்பகுதி பெரிய சதுரமாக அப்படியே வந்து விழலாம்; கிழிந்த பாவாடையின் கரை நீண்ட பட்டையாக ஓடலாம்; பெரிய துண்டுகளுக்கு இடையில் கண்ணைக் கவரும் நிறத்தில் சின்னஞ்சிறு துண்டுகள் பொட்டுகளைப்போல் வைக்கப்படலாம். குழந்தைக்கான கவந்தியில் இச்சிறு துண்டுகள் மிகுதியாக இருக்கும். வெளியிலிருந்து பார்ப்பவர் இதை ஒழுங்கின்மை என்று எண்ணக்கூடும். சற்று நேரம் உற்றுநோக்கினால், ஓரிடத்து அடர்சிவப்புக்கு எதிர்மூலையில் பதில் வைக்கப்பட்டிருப்பதும், நேர்கோடாக ஓட வேண்டிய பட்டை வேண்டுமென்றே உடைக்கப்பட்டிருப்பதும் தெரியவரும். இது பல ஆண்டுப் பயிற்சியால் மட்டுமே கைவரும் முடிவெடுக்கும் திறன் என்பதை வலியுறுத்திச் சொல்ல வேண்டியிருக்கிறது. ஏனெனில் பெண்களின் வீட்டுத் தையலை ஓய்வுநேரப் பொழுதுபோக்காகக் கணக்கிடும் பழக்கம் நம் எழுத்துகளில் இன்னும் ஒழியவில்லை.

நான்கு மூலைகளிலும் பூ என்னும் பொருள்பட ஃபுலா என்று வழங்கும் முக்கோண மடிப்பு, அடுக்கடுக்காகத் துணியை மடித்து வைத்துத் தைக்கப்படுகிறது. அதனால் போர்வையின் வெப்பமோ வலிமையோ கூடுவதில்லை. ஆனால் அது இல்லாத கவந்தியை நிறைவு பெற்றதாகச் சித்தியர் பெண்கள் ஏற்பதில்லை. கிறித்தவக் குடும்பங்களின் போர்வைகளில் சிலுவை வடிவமும், முஸ்லிம் குடும்பங்களின் போர்வைகளில் பிறை வடிவமும் இடம்பெறுவதுண்டு. சமயம் வேறுபட்டாலும் தைக்கும் முறையும் மூலைப்பூவும் பொதுவாக இருப்பது, இக்கைவினை சமயப் பிரிவுகளைக் கடந்து சமூகத்துக்கே உரியதாக நிலைத்திருப்பதைக் காட்டுகிறது.

பழந்துணியை மடித்துத் தைப்பது தமிழர் அறியாத வேலையன்று. தமிழ்ச் சமணரின் மடம் அமைந்துள்ள மேல்சித்தாமூரிலும், அதைச் சூழ்ந்த செஞ்சி வட்டாரத்திலும், தமிழ்நாட்டின் பிற பகுதிகளிலும் பிறந்த குழந்தைக்குப் புதுத்துணியைவிடத் துவைத்துத் துவைத்து மெத்தென்றான நூல்சேலையே ஏற்றது என்று எடுத்து வைப்பார்கள். பாட்டியின் சேலை தூளியாகும். இன்னொரு சேலை மூன்று நான்கு மடிப்பாக மடிக்கப்பட்டு, சுற்றிலும் குறுக்கிலும் நூலோட்டப்பட்டு, பிள்ளையைக் கிடத்தும் விரிப்பாகும். அங்கே சேலை சேலையாகவே இருக்கிறது. ஒருத்தியின் உடை ஒரு குழந்தைக்குப் போகிறது. கவந்தியிலோ கணவனின் சட்டை, மகளின் பாவாடை, மாமியாரின் சேலை, அண்டை வீட்டார் கொடுத்த துணி ஆகியவை ஒரே பரப்பில் வந்து சேர்கின்றன. இன்னாருடைய துணி இது என்று தைத்தவளால் விரல் வைத்துக் காட்ட முடிகிறது.

இக்கைவினை ஆப்பிரிக்காவிலிருந்து வந்ததா என்ற கேள்வியே பெரும்பாலான ஆய்வாளர்களை இவ்வூர்களுக்கு இழுத்து வந்திருக்கிறது. மேற்கு ஆப்பிரிக்காவில் அபோமே அரசவைக்காகத் தைக்கப்பட்ட ஒட்டுத்துணித் தொங்கல்கள், கானாவின் கடற்கரையில் ஃபாந்தி மக்களின் அசாஃபோ படைக்குழுக் கொடிகள், யொருபா மக்களின் எகுங்குன் சடங்கில் மூதாதையரைக் குறிக்கும் அடுக்குத்துணி உடைகள் ஆகியவற்றில் காணப்படும் நிறமுரண்பாடும் உடைந்த கோடுகளும் கவந்தியிலும் உள்ளன என்பது உண்மை. அமெரிக்காவின் அலபாமா மாநிலத்தில் அடிமைகளின் வழித்தோன்றல்கள் வாழும் கீஸ் பெண்ட் ஊரின் போர்வைகளையும் கவந்தியையும் அருகருகே வைத்தால் உடன்பிறப்புகளாகத் தோன்றுகின்றன. ஆனால் சித்தியரின் முன்னோர் பெரும்பாலும் கிழக்கு ஆப்பிரிக்காவைச் சேர்ந்தவர்கள். ஒப்பிடப்படும் துணிகளோ மேற்கு ஆப்பிரிக்காவுக்கு உரியவை. மேலும், கர்நாடகத்தின் கௌதி, மகாராட்டிரத்தின் கோதடி என அண்டைச் சமூகங்களிலும் பழந்துணி ஓட்டுத் தையல் போர்வைகள் உள்ளன. எனவே நேர்கோட்டில் ஒரு மரபுவழியை வரைந்து காட்டுவது எளிதன்று. அமெரிக்க அடிமைகள் தப்பிச் செல்ல உதவும் இரகசியக் குறிகள் போர்வைகளில் தைக்கப்பட்டிருந்தன என்று 1999இல் வெளிவந்த நூலொன்று பரப்பிய கருத்தை, போதிய சான்று இல்லை என்று வரலாற்றாசிரியர்கள் பலர் மறுத்துள்ளதையும் இங்கு நினைவிற்கொள்ள வேண்டும். அழகான கதைக்காகக் கைவினையின்மீது பொருளை ஏற்றுவது, அதைச் செய்தவர்களுக்கு இழைக்கும் அநீதியே ஆகும். அண்டையாரிடம் கற்றதையும் முன்னோரிடமிருந்து வந்த கண்ணோட்டத்தையும் பிரித்தறிய முடியாதபடி கலந்து, தமக்கென ஒரு வடிவத்தைச் சித்தியர் பெண்கள் இம்மண்ணிலேயே ஆக்கிக் கொண்டனர் என்று கொள்வதே சான்றுகளுக்கு நெருக்கமானது. அதனால் அவர்களுடைய ஆப்பிரிக்க உரிமை சிறிதும் குறைந்துவிடாது.

விற்பனைக்காகத் தைப்பது அண்மைக்கால வளர்ச்சி. அமெரிக்காவின் விஸ்கான்சின் பல்கலைக்கழகக் கலை வரலாற்றாசிரியர் ஹென்றி டிரூவலின் முயற்சியோடு 2004இல் சித்தியர் பெண்களின் போர்வைக் கூட்டுறவு தொடங்கப்பட்டது. 2011இல் நியூயார்க்கின் ஷோம்பர்க் மையத்தில் இப்போர்வைகள் காட்சிக்கு வைக்கப்பட்டன. வெளியூர் வாங்குவோரின் வருகையால், வீட்டார் உறங்குவதற்காகத் தைத்ததற்கு விலை கிடைக்கலாயிற்று. கீஸ் பெண்ட் பெண்களின் அனுபவம் இவ்விடத்தில் பயன்தரும் பாடமாகிறது. 2002இல் ஹூஸ்டன் நுண்கலை அருங்காட்சியகத்தில் தொடங்கி, பின் நியூயார்க்கின் விட்னி அருங்காட்சியகத்துக்குச் சென்ற அவர்களது கண்காட்சி பெரும் புகழ் பெற்றது. 2006இல் அமெரிக்க அஞ்சல்துறை அப்போர்வைகளைத் தபால்தலைகளாக வெளியிட்டது. ஆயினும் தமக்கு உரிய பங்கு வந்து சேரவில்லை என்று தையற்காரப் பெண்கள் சிலர் 2007இல் வழக்குத் தொடுத்தனர்; மறு ஆண்டில் அது சமரசத்தில் முடிந்தது. புகழ் போர்வைக்குப் போய், பணம் இடையில் நிற்பவருக்குப் போகும் நிலை இங்கே ஏற்படாதிருக்க, தைத்தவரின் பெயர் ஒவ்வொரு போர்வையோடும் செல்வதும், துணி சேர்ப்பது முதல் கடைசித் தையல் வரையிலான உழைப்பு விலையில் கணக்கிடப்படுவதும் இன்றியமையாதவை.

மூலப்பொருளும் மாறி வருகிறது. நூல்சேலை உடுத்துவோர் குறைந்து செயற்கை இழைச் சேலைகள் பெருகிவிட்டதால், ஊசிக்கு இணங்கும் பழைய பருத்தித் துணி முன்போல் கிடைப்பதில்லை. செயற்கை இழைத்துணி மடித்த இடத்தில் படியாமல் வழுக்குகிறது, வியர்வையை உறிஞ்சுவதில்லை. சந்தையில் மலிவாகக் கிடைக்கும் இயந்திரக் கம்பளிகளோ வாரக்கணக்கில் தைக்க வேண்டிய போர்வைக்குப் போட்டியாக நிற்கின்றன. அடித்துணிக்கு நல்ல நூல்சேலை ஒன்று கிடைத்தால் அதை மூட்டையில் தனியே கட்டி வைத்துவிட்டு, மேலே வைக்கும் துண்டுகளில் மட்டும் செயற்கைத் துணியைக் கலப்பது தைப்பவர்கள் கண்டுள்ள வழியாகும். வழுக்கும் அத்துண்டுகளுக்கு ஓரத்தில் இன்னும் நெருக்கமாக ஊசி போட வேண்டியிருப்பதால் வேலை நாட்கள் கூடுகின்றன. வாங்குபவர் கொடுக்கும் விலையில் அந்நாட்களும் சேர்க்கப்பட வேண்டும்.