மேலே பார்த்து நடப்போம்!

"அர்த்தம் தெரியாத பாட்டைக் கேட்டு யாராவது அழுவார்களா? உனக்கென்னடா பைத்தியமா?" என்று கேட்டார் மயிலாப்பூரில் எங்கள் அடுத்த வீட்டு மாமா. ஜப்பானியப் பாட்டு ஒன்றைக் கேட்கச் சொன்னதுதான் நான் செய்த குற்றம்.

"மார்கழிக்கு மார்கழி தியாகராஜர் கீர்த்தனையைக் கேட்டுக் கண்ணைத் துடைத்துக் கொள்கிறீர்களே, தெலுங்கு எவ்வளவு தெரியும் மாமா?" என்றேன்.

"ராமா என்றால் தெரியும்" என்றார்.

"1998-ல் 'முத்து' படத்தை ஜப்பான்காரர்கள் மாதக் கணக்கில் பார்த்து ரசித்தார்களே, அவர்களுக்கு என்ன தெரியும்?"

மாமா பேசவில்லை. ஆவணியில் மாமி காலமானார். சென்ற மார்கழியில் மாமா சபாப் பக்கமே போகவில்லை. "இரண்டு டிக்கெட் வாங்கியே பழகியவன். ஒன்று கொடு என்று கேட்க வாய் வரவில்லை" என்று ஒரு நாள் சொன்னார். அதனால்தான் அவரை வற்புறுத்தினேன்.

புதிதாகக் கேட்கிறவர்களுக்கு நான் முதலில் சிபாரிசு செய்வது க்யூ சகாமோட்டோ 1961-ல் பாடிய பாட்டு. 'மேலே பார்த்து நடப்போம்' என்பது அதன் தலைப்பு. கண்ணீர் கீழே விழாமலிருக்க முகத்தை நிமிர்த்திக்கொண்டு தனியே நடக்கிறான் ஒருவன், அவ்வளவுதான் விஷயம். மெட்டு என்னவோ உற்சாகமாகத் துள்ளுகிறது! ஓரிடத்தில் வார்த்தையை விட்டுவிட்டு விசில் அடிக்கிறார். அழுகிறவனின் விசில் அது. 1963-ல் அமெரிக்காவில் அது முதலிடத்துக்கு வந்தது. ஜப்பானியத் தலைப்பு வாயில் நுழையாது என்று வெளிநாட்டார் 'சுகியாகி' என்று பெயர் வைத்தார்கள். அது ஒரு மாட்டிறைச்சிப் பதார்த்தம்! மாமாவிடம் இதை மட்டும் நான் சொல்லவில்லை. ஆனால் அந்தப் பெயரைச் சொன்னால்தான் செல்போனில் சட்டென்று அகப்படும். சகாமோட்டோ 1985-ல் விமான விபத்தில் மாண்டார். வயது 43.

அடுத்தது, ஹிபாரி மிசோராவின் 'ஆற்றின் ஓட்டம் போல'. பன்னிரண்டு வயதிலேயே புகழ் பெற்ற பாடகி அவர். 1989 ஜனவரியில் இந்தப் பாட்டு வெளிவந்தது. ஜூனில் அவர் மறைந்தார். வாழ்க்கையைத் திரும்பிப் பார்க்கும் நிதானம் அந்தக் குரலில் இருக்கிறது.

மூன்றாவது, 2011 சுனாமிக்குப் பிறகு பலர் சேர்ந்து பாடிய 'பூக்கள் மலரும்'. போனவர்கள் இருப்பவர்களைப் பார்த்துப் பேசுவது போன்ற பாட்டு. 2004 டிசம்பரில் பட்டினப்பாக்கம் கடற்கரையைப் பார்த்தவர்களுக்கு இதற்கு உரை வேண்டியதில்லை.

மாமா முதல் பாட்டைக் கேட்டார். மறுபடி போடச் சொன்னார். பிறகு, "தலைப்புக்கு என்ன அர்த்தம் சொன்னாய்?" என்றார். சொன்னேன். எழுந்து உள்ளே போய்விட்டார்.

மறுநாள் மாலை கபாலி கோயில் குளக்கரையில் அவரைப் பார்த்தேன். முகத்தை நிமிர்த்தியபடி மெதுவாக நடந்து கொண்டிருந்தார்.

"என்ன மாமா, கோபுர தரிசனமா?" என்றேன்.

"பார்க்கிறவர்கள் அப்படித்தானே நினைத்துக் கொள்வார்கள்?" என்றார் மாமா. "அந்த இரண்டாவது பாட்டையும் போடேன், கேட்போம்."