மழையில கூரை போடலாமா?

எண்ணூர் பக்கம் நிறைய பேர் வீடு ஷீட் வீடுதான். எங்க வீடும் அப்படித்தான். 2023 டிசம்பர்ல மிக்ஜாம் புயல் மழையில எங்க பழைய கல்நார் ஷீட் விரிசல் விட்டுடுச்சு. அந்த மழையிலதான் எண்ணூர் கழிமுகத்துல எண்ணெயும் கலந்து வந்துச்சு, ஞாபகம் இருக்கும். அதுக்கப்புறம் தார்ப்பாய் கட்டியே காலத்தை ஓட்டினோம்.

அம்மா சீட்டு எடுத்த பணத்துல எட்டு தகர ஷீட் வாங்கினோம். ஷீட் வந்ததோ ஐப்பசி மாசம்! வெயில் அடிச்ச ஒரு நாள் அப்பாவும் மாமாவும் வேலையை ஆரம்பிச்சாங்க. முதல் ஷீட்டை மேற்கு ஓரத்துல வச்சாங்க. ஏன்னு கேட்டேன். "காத்து கடல் பக்கமிருந்து வரும். அடுத்தடுத்த ஷீட்டை இதுக்கு மேல ஏத்திப் போட்டாதான் காத்து இடுக்குல நுழையாது, தூக்காது"ன்னு மாமா சொன்னாங்க. போல்ட்டுக்கு ஓட்டையும் மேட்டுலதான் போடணுமாம். பள்ளத்துல போட்டா தண்ணி அதுவழியா இறங்கிடும்.

மூணு ஷீட் முடிஞ்சதும் மழை பிடிச்சுக்கிச்சு. இன்னும் அஞ்சு பாக்கி. "ராத்திரிக்குள்ள முடிச்சிடலாம் மச்சான்"னு சொல்லி அப்பா டிரில் மிஷினோட ஏணியில கால் வச்சாங்க. ஒயர்ல பழைய டேப் சுத்தியிருந்துச்சு. அம்மா ஓடிப்போய் பிளக்கைப் பிடுங்கிட்டாங்க. "கூரையை நாளைக்குப் போடலாம். ஆளு போனா யாரு தருவா?"ன்னு கத்தினாங்க. அப்பா ஒண்ணும் பேசாம இறங்கிட்டாங்க. ஈர ஷீட் பாசி பிடிச்ச படி மாதிரி வழுக்கும். ஈரக் கையில கரண்டும் சேர்ந்தா என்ன ஆகும்னு நம்ம அறிவியல் பாடத்துலயே இருக்கு.

மிச்ச ஷீட்டை ஒண்ணுமேல ஒண்ணு ஒட்டாம சாய்ச்சு நிறுத்தினோம். நடுவுல தண்ணி நின்னா மேல பூசின துத்தநாகம் வெள்ளையா பூத்துடும். அப்புறம் உப்புக்காத்துக்குச் சீக்கிரம் துரு ஏறிடும்.

அன்னைக்கு ராத்திரி மூணு ஷீட்டுக்குக் கீழ ஆயா, தம்பி, எல்லாருமா அஞ்சு பேர் உட்கார்ந்திருந்தோம். என் புத்தகமெல்லாம் காலி அரிசி டிரம்முல பத்திரமா இருந்துச்சு. மறுநாள் வெயில் வந்ததும் ஷீட்டைத் துணியால துடைச்சு, சாயங்காலத்துக்குள்ள முடிச்சிட்டாங்க. ஓட்டை போட்டப்ப விழுந்த இரும்புத் தூளை நான்தான் பெருக்கினேன். அது கிடந்தா அந்த இடத்துல துரு பிடிக்குமாம்.

உங்க வீட்டுலயும் மழைக்காலத்துல யாராவது கூரை ஏறினா, "சீக்கிரம் முடிங்க"ன்னு அவசரப்படுத்தாதீங்க. முதல்ல பிளக்கைப் பிடுங்குங்க. கோபப்பட்டா பரவாயில்லை, எங்க அப்பாவும் கொஞ்ச நேரம் அம்மாகிட்ட பேசாமதான் இருந்தாங்க. அப்புறம் அவங்களே டீ போட்டுக் கொடுத்தாங்க.

– ஒன்பதாம் வகுப்பு மாணவி