செடிக்குக் குரல் கொடுத்தவர்

திரைக்கதை எழுத்தாளர் சார்லஸ் பி. கிரிஃபித் என்றால் எனக்கு முதலில் ஞாபகம் வருவது அவருடைய பாட்டி மிர்ட்டில் வெய்ல்தான். 1930களில் அமெரிக்காவில் பெரும் பெயர் பெற்ற ‘மிர்ட் அண்ட் மார்ஜ்’ வானொலித் தொடரை எழுதி, மகளோடு சேர்ந்து நடித்தவர். அந்த மகள் கிரிஃபித்தின் அம்மா. பிற்பாடு பேரன் ‘த லிட்டில் ஷாப் ஆஃப் ஹாரர்ஸ்’ படத்தை எழுதியபோது, சதா உடம்பு சரியில்லை என்று புலம்பிக்கொண்டு, மருந்தையே சமையலில் போடுகிற தாயாகப் பாட்டி வந்தார். கைக்காசு இல்லாத படங்களில் குடும்பமே நடிகர் பட்டாளம்.

ஒரு நண்பரின் அறையில், கீறல் விழுந்த பிரதியில்தான் அந்தப் படத்தைப் பார்த்தேன். ஜாக் நிக்கல்சனுக்காகப் போட்டார்கள். வலியை ரசிப்பதற்கென்றே பல் மருத்துவரிடம் வரும் நோயாளி அவர். விழுந்து விழுந்து சிரித்தோம். ஆனால் வீட்டுக்கு நடந்து வரும்போது காதில் இருந்தது, மனிதரைத் தின்னும் பூக்கடைச் செடி பசிக்குதென்று கத்தும் குரல்தான். அது எழுத்தாளரின் குரல் என்று அப்போது தெரியாது. படப்பிடிப்பில் ஓரமாக நின்று செடியின் வசனத்தைக் கிரிஃபித் படித்தார், அதையே வைத்துக்கொண்டார்கள். வேறொருவரைக் கூப்பிட்டு டப்பிங் செய்தால் செலவு!

உட்புறக் காட்சிகளை இரண்டே நாளில் எடுத்து முடித்தார் இயக்குநர் ராஜர் கார்மன். வேறு படத்துக்குப் போட்ட செட் இடிபடாமல் நின்றதால் வந்த படம் அது. அந்த அவசரத்தைப் புகழ்கிற கதைகள் நிறைய. இரண்டு நாளில் எடுத்தும் சிரிப்பு நிற்கிறது என்றால் காகிதத்தில் ஏற்கெனவே நின்றிருக்க வேண்டும் என்பதை யாரும் சொல்வதில்லை.

முந்தைய ஆண்டு, 1959இல், கிரிஃபித் எழுதிய படம் ‘எ பக்கெட் ஆஃப் பிளட்’. காபிக்கடையில் மேசை துடைக்கும் வால்டர், தவறிக் கொன்ற பூனைமேல் களிமண் பூசி வைக்கிறான். மாபெரும் சிற்பி என்று கொண்டாடுகிறார்கள். அடுத்த சிற்பத்துக்கு மனிதர்கள் வேண்டியிருக்கிறது. பூக்கடைப் பையன் சீமோரும் இந்த வால்டரின் தம்பிதான். ஒருவரும் மதிக்காத ஏழைக்குக் கிடைக்கும் முதல் பாராட்டு, அவனைக் கொலைவரை தள்ளுகிறது. கிரிஃபித் இதை இரண்டு முறை எழுதியதைச் சோம்பல் என்பார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. அந்தப் பையன்கள்மேல் அவருக்கு அவ்வளவு பரிவு.

திரும்பவும் அந்தக் குரலுக்கே வருகிறேன். பூக்கடைப் படத்தில் கடைக்குள் புகும் திருடனாக நடித்ததும் கிரிஃபித்தான். செடி அவனைத் தின்கிறது. தின்னும் குரலும் அவர், தின்னப்படும் ஆளும் அவர்.

1982இல் அந்தப் பூக்கடைப் படம் இசை நாடகமாகி ஆண்டுக்கணக்கில் ஓடியது. 1986இல் ஃபிராங்க் ஆஸ் இயக்கத்தில் பெரிய செலவில் மறுபடி படமானது. கிரிஃபித் 2007இல் சான் டியேகோவில் காலமானார். பழைய கறுப்பு வெள்ளைப் படம் பொதுச்சொத்து; இணையத்தில் காசில்லாமல் பார்க்கலாம். பாருங்கள். தொடக்கத்தில் எழுத்தாளர் பெயர் வரும் இடத்தைத் தள்ளிவிடாதீர்கள்.