இடப்பக்கத்துப் புல்

அன்புள்ள பாப்பாவுக்கு,

சித்தி எழுதுவது. உன் மெயிலை நேற்று ராத்திரி படித்தேன். போனில் பேசினால் நீ பாதியிலேயே அழுதுவிடுவாய், எனக்கும் கோபம் வந்துவிடும். அதனால்தான் காகிதத்தை எடுத்தேன். நிதானமாகப் படி.

உவர் மண்ணைத் தாங்குகிற நெல் எது என்று பார்க்கத்தான் நீ தொட்டிகளை வைத்தாய். புகையான் பூச்சிக்கும் உன் ஆய்வுக்கும் சம்பந்தமே கிடையாது; வலைக்கூடத்துக்குள் அது நுழைந்ததே ஒரு தொல்லை. வேறு யாராக இருந்தாலும் மருந்தடித்துவிட்டுத் தன் வேலையைப் பார்த்திருப்பார்கள். நீ தூரைப் பிரித்துப் பார்த்தாய். மற்றத் தொட்டிகளில் எல்லாம் அடித்தூரில் அப்பிக் கிடந்த பூச்சி, ஒரு நாட்டு ரகத்தில் மட்டும் ஏறவில்லை என்று நோட்டின் ஓரத்தில் பென்சிலால் குறித்து வைத்தாய். வெயிலாலோ காற்றாலோ இருக்குமோ என்று அடுத்த விதைப்பில் அந்தத் தொட்டிகளை இடம் மாற்றியும் பார்த்தாய். இதையெல்லாம் நீ அப்போதைக்கப்போது சொல்லக் கேட்டுக்கொண்டே வந்தவள் நான். இப்போது ஆய்வுக்கூட்டத்தில் உன் கைடு, "இட் இஸ் ஜஸ்ட் செரண்டிபிட்டி" என்று சொல்லிவிட்டு அடுத்த ஸ்லைடுக்குப் போய்விட்டார். எல்லாரும் சிரித்தார்கள். உனக்கு வலித்தது நியாயம்தான்.

ஆனால் அந்தச் சொல்லின் மேல் கோபப்படாதே. முப்பது வருஷத்துக்கு மேல் ஆங்கிலம் நடத்தியவள் என்ற உரிமையில் சொல்கிறேன், 'ஜஸ்ட்' என்பதும் 'செரண்டிபிட்டி' என்பதும் ஒரே வாக்கியத்தில் சேர்ந்து நிற்கவே கூடாது. அவர் உன்னைக் குறைத்துப் பேசியதாக நினைத்திருக்கலாம். அந்தச் சொல்லை உண்டாக்கியவர் கேட்டிருந்தால் உனக்கு வாழ்த்துச் சொல்லியிருப்பார்.

உண்டாக்கியவர் ஹோரஸ் வால்போல். பிரிட்டனின் முதல் பிரதமர் என்று சொல்லப்படும் ராபர்ட் வால்போலின் மகன். பழம்பொருள் சேர்ப்பதும் கடிதம் எழுதுவதும்தான் அவருக்கு உயிர். இத்தாலியில் ஃபிளாரன்ஸ் நகரில் பிரிட்டிஷ் தூதராக இருந்த நண்பர் ஹோரஸ் மேன், பியாங்கா கப்பெல்லோ என்ற பழைய காலத்துச் சீமாட்டியின் ஓவியத்தை அவருக்கு அனுப்பி வைத்திருந்தார். அதற்கு நன்றி சொல்லி 1754 ஜனவரி 28-ஆம் தேதி எழுதிய கடிதத்தில்தான் இந்தச் சொல் பிறந்தது. வெனிஸ் குடும்பங்களின் சின்னங்களைப் பற்றிய ஒரு பழைய புத்தகத்தைப் புரட்டும்போது, கப்பெல்லோ குடும்பத்துக்கும் மெடிச்சி குடும்பத்துக்கும் உள்ள தொடர்பைக் காட்டும் ஒரு விவரம் அவர் கண்ணில் பட்டிருக்கிறது. இப்படிக் கிடைப்பதற்கு நான் வைத்திருக்கிற பெயர் செரண்டிபிட்டி என்று நண்பருக்கு எழுதுகிறார்.

பெயரை எங்கிருந்து எடுத்தார் தெரியுமா? செரண்டிப் நாட்டின் மூன்று இளவரசர்கள் என்ற கதையிலிருந்து. செரண்டிப் என்பது அரபிகள் இலங்கையைச் சொன்ன சரந்தீப். சிங்களத்வீபம் அவர்கள் வாயில் அப்படி ஆகிவிட்டது. அந்தக் கதை 1557-இல் வெனிஸில் இத்தாலிய மொழியில் அச்சானது. 1722-இல் ஆங்கிலத்துக்கு வந்தது. அதன் வேர் இன்னும் பழையது. அமீர் குஸ்ரோ 1302 வாக்கில் பாரசீகத்தில் எழுதிய எட்டுச் சொர்க்கங்கள் என்ற காவியத்திலேயே இருக்கிறது.

இளவரசர்கள் போகிற வழியில் ஒட்டகத்தைத் தொலைத்த ஒருவன் எதிர்ப்படுகிறான். அதற்கு ஒரு கண் தெரியாதா, ஒரு பல் இல்லையா, ஒரு கால் நொண்டியா என்று அவர்கள் வரிசையாகக் கேட்கிறார்கள். ஒட்டகத்தைப் பார்த்ததே இல்லை என்றும் சொல்கிறார்கள். யார் நம்புவார்கள்? திருட்டுப் பட்டம் கட்டிச் சிறையில் போட்டுவிடுகிறார்கள். ஒட்டகம் தானாக அகப்பட்ட பிறகு, எப்படித் தெரிந்தது என்று சக்கரவர்த்தி விசாரிக்கிறார். பாதையின் ஒரு பக்கத்தில் நல்ல புல் இருந்தும், இன்னொரு பக்கத்தில் இருந்த மட்டமான புல்தான் மேயப்பட்டிருந்தது, அதனால் கண். மென்ற புல் பல்லளவு துண்டுகளாகச் சிந்திக் கிடந்தது, அதனால் பல். ஒரு காலை இழுத்துப்போன தடம் மண்ணில் இருந்தது, அதனால் நொண்டி. வால்போல் நினைவிலிருந்து எழுதியதால் ஒட்டகத்தைக் கோவேறு கழுதையாக்கிவிட்டார். ஆனால் ஒரு பக்கம் மட்டும் மேயப்பட்ட புல்லை மறக்கவில்லை; அவர் கடிதத்தில் அது இடப்பக்கத்துப் புல்.

இந்தக் கதை உனக்குப் புதிதல்ல, பாப்பா. அளகாபுரி அரசனின் நாலு மந்திரிகள் கதையை நீ சின்னதில் ஆச்சியிடம் கேட்டிருப்பாய். பண்டித நடேச சாஸ்திரி 19-ஆம் நூற்றாண்டின் கடைசியில் அதை ஆங்கிலத்தில் பெயர்த்துக் கொடுத்தார். அதிலும் ஒட்டகம்தான் தொலைகிறது. அங்கே இன்னும் நுட்பமான இரண்டு தடயங்கள் உண்டு. வழியில் சொட்டுச் சொட்டாக ரத்தம் கிடக்கிறது: கொசு கடித்தும் விரட்ட முடியவில்லை, ஆகவே வால் குட்டை. முன்னங்கால் தடம் ஆழமாகவும் பின்னங்கால் தடம் லேசாகவும் பதிந்திருக்கிறது: ஆகவே அதற்கு வயிற்றுவலி. நம் கதையில் நால்வருக்கும் மந்திரி வேலை கிடைக்கிறது.

வால்போல் தன் கடிதத்தில் இரண்டு விஷயங்களைச் சேர்த்துச் சொல்கிறார். எதிர்பாராமல் எதிர்ப்படுவது ஒன்று. எதிர்ப்பட்டதைப் படிக்கிற கூர்மை இன்னொன்று. தேடிப் போன பொருளே கிடைத்தால் அது இந்தக் கணக்கில் சேராது என்றும் கறாராகச் சொல்லிவிடுகிறார். அதற்கு அவர் கொடுக்கும் உதாரணம் எனக்கு ரொம்பப் பிடித்தது. ஷாஃப்ட்ஸ்பரி பிரபு ஒருநாள் கிளாரண்டன் பிரபு வீட்டில் சாப்பிட உட்கார்ந்திருக்கிறார். அந்த வீட்டுப் பெண் ஆன் ஹைடுக்கு அவளைப் பெற்ற தாயே பந்தியில் ஒரு தனி மரியாதை காட்டுகிறாள். ஒரு தாய் மகளிடம் இப்படி நடக்கமாட்டாளே என்று ஷாஃப்ட்ஸ்பரிக்கு உறைக்கிறது. மன்னர் இரண்டாம் சார்லஸின் தம்பி, யார்க் கோமகன் ஜேம்ஸ், அவளை ரகசியமாக மணந்துவிட்டார் என்பதை அந்த இடத்திலேயே ஊகித்துவிடுகிறார். பந்தியில் எத்தனை பேர் இருந்தார்களோ, எல்லார் கண்ணெதிரிலும்தான் அது நடந்தது. ஒருவருக்குத்தான் பட்டது.

அப்படி இரண்டு கால் வைத்துப் பிறந்த சொல் எப்படி ஒற்றைக்காலில் நிற்க வந்தது என்பது அடுத்த கதை. மேனுக்கு எழுதிய கடிதங்கள் 1833-இல்தான் அச்சில் வந்தன. 1875-இல் எட்வர்ட் சாலி என்ற வேதியியலாளர் அந்தச் சொல்லை எடுத்து ஒரு பத்திரிகையில் எழுதினார். அதன் பிறகு பழைய புத்தகம் சேர்ப்பவர்கள் அதைப் பிடித்துக்கொண்டார்கள்; லண்டனில் அந்தப் பெயரில் ஒரு கடையே இருந்தது. அவர்களுக்கு அது, ஒன்றைத் தேடிப் போய் இன்னொன்று அலமாரியில் கிடைக்கிற சந்தோஷம். 1945-இல் ஹார்வர்டின் உடலியங்கியல் அறிஞர் வால்டர் கேனன், ஆய்வாளனின் வாழ்க்கையைப் பற்றிய தன் நூலில் இதற்கென்றே ஓர் அத்தியாயம் ஒதுக்கினார். ஆய்வுக்கூடங்களுக்குள் சொல் நுழைந்தது அவரைப் போன்றவர்களால்தான். இன்னொரு பக்கம், 1954-இல் நியூயார்க்கில் அந்தப் பெயரில் ஒரு சிற்றுண்டிக்கடை திறந்தார்கள். 2001-இல் அதே பெயரில் ஒரு காதல் படமும் வந்தது, அந்தக் கடையிலேயே ஒரு காட்சியோடு. இப்போது ரயிலில் பக்கத்து இருக்கையில் பழைய சிநேகிதி வந்து உட்கார்ந்தாலும் அதைச் சொல்லிவிடுகிறார்கள். அதிர்ஷ்டம் மட்டும் மிஞ்சியது, கூர்மை உதிர்ந்துவிட்டது. சொற்கள் பொருள் மாறுவது இயற்கை என்று வகுப்பில் நானே எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறேன். இந்த ஒரு சொல் விஷயத்தில் மட்டும் எனக்கு வருத்தம் உண்டு. உதிர்ந்த பாதி, வேலை செய்தவர்களின் பங்கு.

இந்தச் சொல்லை எல்லாரையும் விட ஆழமாகத் தோண்டியவர் ராபர்ட் மெர்ட்டன் என்ற சமூகவியலாளர். வேறொரு சொல்லைத் தேடி ஆக்ஸ்ஃபோர்டு அகராதியைப் புரட்டியபோதுதான் இது அவர் கண்ணில் பட்டது. எலினோர் பார்பரோடு சேர்ந்து 1950-களில் ஒரு முழுப் புத்தகமே எழுதி, வெளியிடாமல் வைத்துவிட்டார். 2002-இல் இத்தாலிய மொழியில் வந்தது. ஆங்கிலத்தில் 2004-இல் வந்தபோது அவர் உயிரோடு இல்லை. உன் நூலகத்தில் இருந்தால் எடுத்துப் படி.

பெனிசிலின் கதையை உனக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. 1928-இல் விடுமுறை முடிந்து வந்த ஃபிளெமிங், பூஞ்சை விழுந்த தட்டைப் பார்த்தார் என்பதோடு எல்லாரும் நிறுத்திவிடுகிறார்கள். அதற்குச் சில வருஷம் முன்பே அவர் லைசோசைமைக் கண்டிருந்தார். பாக்டீரியா கரைந்து போவது எப்படி இருக்கும் என்று பழகிய கண் அது. டெக்சாஸைச் சேர்ந்த ராய்ஸ்டன் ராபர்ட்ஸ் என்ற வேதியியலாளர் 1989-இல் இன்னொரு வகையையும் பிரித்தார். வெயிலில் பிசுபிசுக்காத ரப்பரைத் தேடிப் பல வருஷம் அலைந்த குட்இயருக்கு, கந்தகம் கலந்த ரப்பர் சூடான அடுப்பில் பட்டு வழி கிடைத்தது. கிடைத்தது தற்செயலாக, ஆனால் தேடியதே கிடைத்தது; ஆகவே அதைப் போலிச் செரண்டிபிட்டி என்றார் ராபர்ட்ஸ். உன்னுடையது அந்த வகை கூட இல்லை. வால்போல் சொன்ன அசல் வகை.

உனக்கு நான் முக்கியமாகச் சொல்ல வந்தது ஜோஸ்லின் பெல்லைப் பற்றி. வட அயர்லாந்துப் பெண், கேம்பிரிட்ஜில் உன்னைப்போல ஆய்வு மாணவி. நாலு ஏக்கருக்கு மேல் பரந்த வயலில் கம்பம் நட்டு, மைல்கணக்கில் கம்பி இழுத்து, ரேடியோ தொலைநோக்கியை மற்றவர்களோடு சேர்ந்து கட்டியவர். சம்மட்டி பிடித்த கை. தேடியது குவாசர்களை. 1967-இல் அந்தக் கருவி ஓடத் தொடங்கியதும், ஒரு நாளைக்கு முப்பது மீட்டர் அளவுக்குக் காகிதச் சுருளில் பேனா கோடு போட்டுக்கொண்டே போகும். அத்தனையையும் கண்ணால் பார்ப்பது அவர் வேலை. அந்தச் சுருளில் ஓரிடத்தில் கால் அங்குல அகலத்துக்கு ஒரு கிறுக்கல். குவாசர் மாதிரியும் இல்லை, பூமியிலிருந்து வரும் குறுக்கீடு மாதிரியும் இல்லை. இதே கிறுக்கலை வானத்தின் இதே பகுதியில் முன்பும் பார்த்தோமே என்று பழைய சுருள்களை எடுத்துப் பிரித்தார். நட்சத்திரங்கள் தினமும் நாலு நிமிஷம் முந்தி வரும் அல்லவா, கிறுக்கலும் அந்தக் கணக்கிலேயே வந்துகொண்டிருந்தது. நவம்பர் 28-ஆம் தேதி சுருளை வேகமாக ஓடவிட்டுப் பிடித்தபோது, 1.33 விநாடிக்கு ஒரு துடிப்பு. அவருடைய கைடு ஆண்டனி ஹ்யூயிஷ் போனில் கேட்டதும், மனிதன் செய்த ஏதோ குறுக்கீடாகத்தான் இருக்கும் என்றார். கிறிஸ்துமஸுக்குச் சற்று முன்னால், வானத்தின் வேறொரு மூலைக்கான சுருளில் அதே மாதிரி இன்னொரு கிறுக்கலைப் பெல்லே கண்டுபிடித்தார். அதற்குப் பிறகு சந்தேகத்துக்கு இடமில்லை. பல்சார்கள் என்று இன்று நாம் சொல்வது அவற்றைத்தான்.

1974-இல் நோபல் பரிசு ஹ்யூயிஷுக்கும் மார்ட்டின் ரைலுக்கும் போனது. பெல்லுக்கு 2018-இல் முப்பது லட்சம் டாலர் மதிப்புள்ள வேறொரு பெரிய பரிசு வந்தபோது, அத்தனை பணத்தையும் இயற்பியலில் வாய்ப்புக் குறைந்த மாணவர்களின் படிப்புக்குக் கொடுத்துவிட்டார். அந்தப் பெருந்தன்மையை நினைத்து எனக்குப் பெருமைதான். ஆனாலும் ஒரு விஷயம் இன்றைக்கும் மனதில் உறுத்துகிறது. அவருடைய ஆய்வேட்டில் குவாசர் பற்றித்தான் அத்தியாயங்கள். பல்சார் பின்னிணைப்பில் இருக்கிறது.

அதனால் நீ செய்ய வேண்டியதைச் சொல்கிறேன். புகையான் விஷயத்தைப் பின்னிணைப்புக்குத் தள்ளச் சம்மதிக்காதே. தனி அத்தியாயமாகக் கேள். கூட்டத்தில் கேட்காதே, அவர் அறையில் தனியாக இருக்கும்போது கேள். பென்சில் குறிப்பு உள்ள அந்தப் பக்கத்தைத் தேதியோடு நகல் எடுத்து வை. தொட்டிகளை இடம் மாற்றி வைத்த படத்தை வரைந்து சேர். எந்த நாளில் என்ன பார்த்தாய், ஏன் சந்தேகப்பட்டாய், எதையெல்லாம் விலக்கினாய் என்று வரிசையாக எழுது. அடுத்த விதைப்புக்குப் பூச்சியியல் துறையில் யாரையாவது கூடச் சேர்த்துக்கொள்ள முடியுமா என்றும் கேட்டுப் பார். அவர்கள் எண்ணிச் சொன்னால் வைவாவில் யாரும் அசைக்க முடியாது. அத்தியாயத் தலைப்பில் அந்தச் சொல் வேண்டாம், உன் கைடு புரிந்துகொண்ட மாதிரிதான் வாசிப்பவர்களும் புரிந்துகொள்வார்கள். முன்னுரையில் போடுவதானால் வால்போல் கொடுத்த முழுப் பொருளை ஒரு வரியில் விளக்கிவிட்டுப் போடு.

வரைவை எனக்கு அனுப்பு. நெல்லைப் பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது, ஆங்கிலத்தை நான் பார்த்துத் தருகிறேன். பொங்கலுக்கு வரும்போது அந்த நாட்டு ரகத்தில் ஒரு கைப்பிடி விதை கொண்டுவர உனக்கு அனுமதி கிடைக்குமா என்றும் கேட்டு வை. சித்தப்பா மாடியில் தொட்டி வாங்கி வைத்துவிட்டார்.

அன்புடன்,
சித்தி