இருட்டாளிக்குக் கண் எதுக்கு?

9-ஆம் வகுப்பு, 'ஆ' பிரிவு

இந்த மாதச் சுவர் இதழுக்கு என்னிடம் கதைதான் கேட்டார்கள். கதையில் வருகிற பிராணியை வைத்து வகுப்பில் பெரிய சண்டையே நடந்துவிட்டதால் முதலில் அதைப் பற்றி எழுதுகிறேன். (படித்துவிட்டு ஓரத்தில் யாரும் பேனாவால் கிறுக்க வேண்டாம். படத்துக்கு மீசை வரையவும் வேண்டாம்.)

பிராணியின் பெயர் இருட்டாளி. நம்ம தியாகதுருகம் மலைக்கு அடியில் ஒரு பெரிய குகை இருக்கிறதாகவும், அதில் இது குடியிருப்பதாகவும் கற்பனை. என் பெஞ்சில் இருக்கிறவர்கள் கேட்டவுடனே ஆளுக்கொன்று சொன்னார்கள். ஒருத்தன் ரெண்டு தலை வேணும் என்றான். ஒருத்தன் வாயில் நெருப்பு வரணும் என்றான். கண் மட்டும் சிவப்பாக, டார்ச் லைட் மாதிரி எரியணும் என்று எல்லோரும் சேர்ந்து சொன்னார்கள். கடைசியில் ஹீரோ வாளோடு போய் அதைக் கொல்லணுமாம்.

'ஆளி' என்ற பேர் தமிழய்யா கொடுத்தது. யாளிக்குப் பழைய பேர் ஆளி. சங்கப் பாட்டிலேயே அது மலையில் யானையை வேட்டையாடுகிற பிராணியாக வருகிறதாம். காட்டிலேயே பெரியது யானை. அதையும் அடிக்கிற ஒன்றை நம்ம ஆளுங்க ரெண்டாயிரம் வருஷத்துக்கு முன்னாடியே கற்பனை செய்துவிட்டார்கள்! வேலூர் ஜலகண்டேசுவரர் கோயில் கல்யாண மண்டபத்துத் தூண்களில் பார்த்தால் தெரியும், யாளி எவ்வளவு கம்பீரமாக எழுந்து நிற்கிறது என்று.

போன வருஷ டூரில் மாமல்லபுரம் போய்விட்டு, பக்கத்தில் சாளுவன்குப்பம் புலிக்குகைக்கும் போனோம். பல்லவர் காலத்தில் ஒரே பாறையில் குடைந்தது. பேர்தான் புலிக்குகை, வாசலைச் சுற்றி வரிசையாக வாயைத் திறந்துகொண்டு இருப்பதெல்லாம் யாளித் தலைகள். எல்லோரும் போட்டோ எடுத்தார்கள். நான் ஒன்று கவனித்தேன். குகைக்குள்ளே ஒரு யாளியும் ஒளிந்திருக்கவில்லை. எல்லாமே வாசலில், வெளியே பார்த்துக்கொண்டு இருக்கின்றன. வாட்ச்மேன் மாதிரி. சிற்பி அதற்கு ஒரு வேலை கொடுத்திருக்கிறார். வெறுமனே ஹீரோ கையால் சாகிறதுக்கென்று ஒரு பிராணியை உண்டாக்குவது எனக்குப் பிடிக்கவில்லை.

அடுத்தது சாப்பாடு. சயின்ஸ் மிஸ்ஸிடம் கேட்டேன். வெயில் படாத இடத்தில் செடி வளராது. அதனால் ஆழமான குகையில் சாப்பாடு ரொம்பக் குறைவு. மழை வெள்ளம் அடித்துக்கொண்டு வருவது, வௌவால் எச்சம், அதில் பிழைக்கிற பூச்சி, அவ்வளவுதான். அங்கே கண் இருந்தும் உபயோகம் இல்லை. கண்ணைக் காப்பாற்றவும் உடம்பு சக்தியைச் செலவு பண்ணணும். தலைமுறை தலைமுறையாக அது சின்னதாகி, கடைசியில் தோல் மூடிவிடுமாம். மேகாலயாவில் ஜெயந்தியா மலையில் சுண்ணாம்புக்கல் குகை ஒன்றில் 40 சென்டிமீட்டருக்கு மேல் வளர்கிற மீனை 2019-இல் பார்த்திருக்கிறார்கள். நமக்குத் தெரிந்த குகை மீன்களிலேயே அதுதான் பெரியது. 2023-இல்தான் அதற்கு அறிவியல் பெயர் வைத்தார்கள். அதற்குப் பார்வை கிடையாது.

இன்னொன்று ஸ்லோவேனியா நாட்டில் இருக்கிற ஓல்ம். ஒரு சாண் நீளம், வெளுத்த உடம்பு, கண் தோலுக்கு அடியில். பலத்த மழையில் குகையிலிருந்து அது வெளியே அடித்து வரப்பட்டால், உள்ளே டிராகன் இருக்கிறது, இது அதன் குட்டி என்று அந்த ஊர் ஜனங்கள் நம்பினார்களாம். வால்வாசோர் என்பவர் 1689-இலேயே இதைப் புத்தகத்தில் எழுதியிருக்கிறார். மோப்பமும் காதும்தான் ஓல்முக்கு எல்லாம். வருஷக்கணக்கில் சாப்பிடாமலும் இருக்குமாம். நம்ம பெஞ்சு ஆளுங்களால் இன்டர்வெல் வரைக்கும் தாங்க முடியாது!

நம்ம மலை கருங்கல். மேகாலயா மாதிரி தண்ணீர் கரைத்துக் குடைந்த குகை இதில் வராது. பாறை மேல் பாறை சாய்ந்த இடுக்குகள்தான். அதனால் மலைக்கு அடியில் உள்ள குகை முழுக்க என் கற்பனை. கதையாக இருந்தாலும் நியாயம் வேணும் என்று நினைத்து, இருட்டாளிக்குக் கண் வேண்டாம் என்று முடிவு பண்ணினேன். "கண்ணே இல்லைன்னா அது என்னடா பிராணி, பாவம், குருடு" என்று சிரித்தார்கள்.

அங்கேதான் எனக்குக் கோபம் வந்தது. எங்க ஆயாவுக்கு ரெண்டு கண்ணும் தெரியாது. ஒன்றுக்கு ஆபரேஷன் பண்ணியும், நரம்பு போய்விட்டது என்று சொல்லிவிட்டார்கள். ராத்திரி கரண்ட் போனால் நாங்க எல்லோரும் ஒருத்தர் மேல் ஒருத்தர் முட்டிக்கொள்வோம். ஆயாதான் நேரே போய்த் தீப்பெட்டியை எடுத்துக்கொண்டு வரும். கூடையில் எந்தக் கோழி அடையவில்லை என்று சத்தத்தை வைத்தே சொல்லும். நான் செருப்பைக் கழற்றும்போதே மார்க் குறைச்சலா என்று கேட்கும்!

ஆயாவிடம் இருட்டாளியைப் பற்றிச் சொன்னேன். "இருட்டுல கெடக்கறதுக்குக் கண்ணு எதுக்குடா?" என்றது. கொஞ்ச நேரம் கழித்து, "ஒத்தையிலயா கெடக்குது? பேரு சொல்லிக் கூப்பிட யாருனா இருக்காங்களா?" என்று கேட்டது. நான் அதை யோசிக்கவே இல்லை. சாப்பாடு, காது, வேலை எல்லாம் கொடுத்தேன். துணை கொடுக்கவில்லை. ஆயாவும் பகல் முழுக்கத் திண்ணையில் ஒத்தையாகத்தான் இருக்கும். நாங்க ஸ்கூல், அம்மா கரும்பு வேலை.

அதனால் கதையை மாற்றிவிட்டேன். 1790-92 மைசூர்ப் போரில் திப்பு சுல்தான் படை நம்ம கோட்டையைத் தாக்கியும் பிடிக்க முடியவில்லை. கதை அந்த நாளில் நடக்கிறது. மேலே பீரங்கி அதிர்வதை இருட்டாளி பாறை வழியாகக் காலில் உணரும். உடனே வௌவால்களை வெளியே கிளப்பிவிடும். அதைப் பார்த்து ஊர் ஜனங்கள் குகைக்குள் ஓடி வந்து ஒளிந்துகொள்ளணும். உள்ளே வழி காட்டுவது இருட்டாளிதான். வாளோடு வந்த பையனும் கூட்டத்தோடு உள்ளே வருகிறான். இருட்டில் அவன் வாள் எங்கே விழுந்தது என்று அவனுக்கே தெரியாது.

சண்டை முடிந்ததும் எல்லோரும் வெளியே போய்விடுவார்கள். அந்தப் பையன் மட்டும் தினமும் சாயங்காலம் வாசலில் வந்து உட்கார்ந்து அதன் பேரைச் சொல்லிக் கூப்பிடுகிறான். உள்ளே இருந்து என்ன சத்தம் வரும் என்பதை இன்னும் எழுதவில்லை. இன்றைக்குச் சாயங்காலம் ஆயாவிடம் கேட்கப் போகிறேன்.