உரலில் கிடந்த கம்பு

அமெரிக்க நாவல்களைப் பற்றி நம்மூர்க் கல்லூரிக் கருத்தரங்குகளில் பேசுகிறவர்கள் 'ட்ராமா' என்ற ஒரு சொல்லைத் தவறாமல் சொல்கிறார்கள். சொல்லிவிட்டு மத்தியானச் சாப்பாட்டுக்குப் போய்விடுகிறார்கள். கறுப்பின மக்களின் காயம், வியட்நாம் சிப்பாயின் காயம் எல்லாம் பேசப்படுகிற அதே அரங்கில் முதுகுளத்தூர் என்று யாராவது வாய் திறந்தால் மட்டும் நாற்காலிகள் நகர்கிற சத்தம் கேட்கும். தமிழ் எம்.ஏ. படித்த எனக்கு அங்கெல்லாம் அழைப்பு வந்ததில்லை. அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, ஜெராக்ஸ் தாள்களில், பஸ்ஸிலும் கூட்டம் முடிந்த ராத்திரிகளிலும் இந்த நாவல்களைப் படித்தவள் நான். ஆகவே இதை ஆய்வாக எடுத்துக்கொள்ள வேண்டாம். ராமநாதபுரம் சீமையில் உட்கார்ந்து படித்த ஒருத்தி சொல்வதாக எடுத்துக்கொண்டால் போதும்.

முதலில் அந்தச் சொல்லையே கொஞ்சம் தட்டிப் பார்க்க வேண்டும். வியட்நாமிலிருந்து திரும்பிய சிப்பாய்கள் தூக்கம் கெட்டு, குடித்து, தெருவில் நின்று கேள்வி கேட்ட பிறகுதான் அமெரிக்க மனநல மருத்துவர்கள் 1980-இல் தங்கள் நோய்ப் பட்டியலில் ஒரு புதுப் பெயரைச் சேர்த்தார்கள். அதிர்ச்சிக்குப் பிந்தைய மன உளைச்சல். குண்டு விழுந்தது, முடிந்தது, ஆள் வீடு திரும்பிவிட்டான், ஆனாலும் அவனுக்குள் குண்டு விழுந்துகொண்டே இருக்கிறது என்று அதற்கு அர்த்தம். டிரெஸ்டன் நகரம் 1945-இல் குண்டுவீச்சில் எரிந்தபோது அங்கே போர்க்கைதியாக இருந்தவர் கர்ட் வானகட். அதை நாவலாகச் சொல்லி முடிக்க அவருக்கு 1969 வரை ஆனது. 'ஸ்லாட்டர்ஹவுஸ் ஃபைவ்' நாவலில் காலம் முன்னும் பின்னுமாகத் தாவுகிறது, வேற்றுக்கிரகத்துக்காரர்கள் வருகிறார்கள், சாவும் சிரிப்பும் ஒன்றாகக் கிடக்கின்றன. நல்ல நாவல்தான். ஆனால் அந்தச் சிப்பாய்க்குத் திரும்பிப் போக ஒரு ஊர் இருந்தது. வீடு எரிந்த இடத்திலேயே மறுபடி வீடு கட்டி, அடித்தவன் வயலிலேயே களையெடுத்து, அவன் கடையிலேயே உப்பு வாங்குகிற சேரிப் பெண்ணுக்கு இந்தப் 'பிந்தைய' எங்கே இருக்கிறது?

இந்தக் கேள்வியோடு படிக்கும்போதுதான் டோனி மாரிசன் எனக்கு வேண்டியவராகிறார். 1856 ஜனவரியில் கென்டக்கியிலிருந்து உறைந்து கிடந்த ஓஹையோ ஆற்றைக் கடந்து தப்பி வந்த மார்கரெட் கார்னர் என்ற அடிமைப் பெண், துரத்தி வந்தவர்கள் வீட்டைச் சுற்றி வளைத்தபோது, மறுபடி அடிமையாகப் போக வேண்டாம் என்று தன் மகளைத் தன் கையாலேயே கொன்றாள். இந்தச் செய்தி ஒரு பழைய பத்திரிகைத் துண்டில் மாரிசன் கண்ணில் பட்டது. 1987-இல் 'பிலவ்ட்' வந்தது. அதில் தாயின் பெயர் சேத்தே. தான் செய்ததைப் பல வருஷம் கழித்து அவள் பால் டி என்பவனிடம் சொல்ல வேண்டிய கட்டம் வருகிறது. அவளால் நேராகச் சொல்ல முடியவில்லை. அடுப்படிக்குள்ளேயே சுற்றிச் சுற்றி வருகிறாள். குழந்தை தவழ்ந்ததைச் சொல்கிறாள், துணி தைத்ததைச் சொல்கிறாள். விஷயத்துக்குப் பக்கத்தில் வந்ததும் விலகி மறுபடி ஒரு சுற்று.

இதைப் படித்தபோது எனக்கு என் அப்பத்தா ஞாபகம் வந்தது. 1957-இல் அதற்குப் பத்து வயது இருக்கும். கலவரம் பற்றி எப்போது கேட்டாலும் ஒரே பதில்தான். "ஆத்தா கம்பு குத்திக்கிட்டு இருந்துச்சு. பொடைக்கிறதுக்கு நான் மொறத்த எடுத்தேன். ஓடுங்கடின்னு ஒரே சத்தம். பாதி குத்துன கம்பு அப்பிடியே உரல்ல கெடந்துச்சு. யாரு தின்னாகளோ." அப்புறம் கம்பின் ருசியைப் பற்றிப் பேசும். அந்த வருஷத்து மழையைப் பற்றிப் பேசும். காய்ந்த கண்மாய்க்குள் உடைமரத்தடியில் ராத்திரியெல்லாம் கிடந்தது, தாகத்துக்கு ஊற்றுத் தோண்டியது எல்லாம் சொல்லும். அங்கே நிறுத்திவிடும். "பொறகு என்னாச்சு அப்பத்தா?" என்றால், "என்னத்த ஆகும், போத்தா அங்கிட்டு" என்று வெற்றிலையை எடுத்துக்கொள்ளும். அதற்கு ஒரு அண்ணன் இருந்ததும், அன்றைக்கு மாட்டை அவிழ்த்துவிடப் போனவர் திரும்பாததும் எனக்குப் பக்கத்து வீட்டுக் கிழவி சொல்லித்தான் தெரியும். சாகிற வரைக்கும் அப்பத்தா வாயிலிருந்து அந்தப் பெயர் வரவில்லை.

இளைய தோழர்களுக்காக இதையும் சொல்லிவிடுகிறேன். 1957 பொதுத்தேர்தலுக்குப் பின் முதுகுளத்தூர் சட்டமன்றத் தொகுதிக்கு இடைத்தேர்தல் வந்தது. அந்த வெற்றி தோல்வியை ஒட்டி ஊர் ஊராக வீடுகள் எரிந்தன. செப்டம்பர் 10-ஆம் தேதி கலெக்டர் முதுகுளத்தூரில் சமாதானக் கூட்டம் கூட்டினார். ஒடுக்கப்பட்டவர்கள் சார்பில் சமமாக உட்கார்ந்து பேசியவர்களில் ஒருவர் இம்மானுவேல் சேகரன். செல்லூர்க்காரர். 1942 இயக்கத்தில் சிறை சென்றவர், ராணுவத்தில் இருந்தவர். மறுநாள் இரவு பரமக்குடியில் வெட்டிக் கொல்லப்பட்டார். வயது 32. செப்டம்பர் 14-இல் கீழத்தூவலில் போலீஸ் சுட்டதில் மறவர்கள் ஐந்து பேர் செத்தார்கள். அந்தச் சாவுகளையும் மறைத்துப் பேச வேண்டிய அவசியம் நமக்கில்லை.

இதற்கு இரண்டு வருஷம் முன்னால், 1955 ஆகஸ்டில், மிசிசிப்பியில் எம்மெட் டில் என்ற பதினான்கு வயதுக் கறுப்பினப் பையன், ஒரு வெள்ளைக்காரியிடம் துடுக்காக நடந்துகொண்டான் என்று சொல்லிக் கொல்லப்பட்டான். வெள்ளையர் மட்டுமே இருந்த ஜூரி கொலைகாரர்களை விடுதலை செய்தது. அவன் தாய் சவப்பெட்டியை மூட விடவில்லை. என் மகன் முகத்தை உலகம் பார்க்கட்டும் என்றாள். அந்த முகம் அமெரிக்க இலக்கியத்தை விடவில்லை. 1964-இல் ஜேம்ஸ் பால்ட்வின் அதை ஒட்டி ஒரு நாடகம் எழுதினார். மாரிசனின் 'சாங் ஆஃப் சாலமன்' நாவலில் முடிவெட்டுகிற கடையில் ரேடியோச் செய்தியாக அவன் சாவு வருகிறது. 1986-இல் அவனைப் பற்றியே அவர் ஒரு நாடகமும் எழுதினார். நம் பக்கம்? 1957 பற்றி சட்டமன்ற விவாதம் உண்டு, பத்திரிகையாளர் தினகரன் எழுதிய புத்தகம் உண்டு, பின்னாளில் ஆய்வு நூல்கள் உண்டு. செப்டம்பர் 11-இல் பரமக்குடிக்கு வருகிற ஜனம் உண்டு. அந்தக் கண்மாய்க்குள் கிடந்தவர்களின் பெயர் சொல்லத்தக்க நாவல் இன்னும் என் கைக்கு வரவில்லை. 2011-இல் அதே செப்டம்பர் 11-இல், அதே பரமக்குடியில், ஐந்துமுனைச் சந்திப்பில் போலீஸ் சுட்டு ஆறு தலித்துகள் செத்தார்கள். துப்பாக்கிச் சூடு தவிர்க்க முடியாதது என்று 2013-இல் விசாரணைக் கமிஷன் சொன்னது. இதற்குத்தான் 'பிந்தைய' என்கிற சொல் எங்களுக்கு ஒட்டாது என்றேன்.

'பிலவ்ட்' நாவலில் செத்த குழந்தை வளர்ந்த பெண்ணாகத் திரும்பி வந்து வீட்டில் உட்கார்ந்துகொள்கிறது. இதை மாய யதார்த்தம் என்று விமர்சகர்கள் கொண்டாடுகிறார்கள். நமக்கு இதில் மாயம் என்ன இருக்கிறது? அநியாயமாகச் செத்தவர்கள் திரும்பி வருவது நம் தெருவில் வருஷா வருஷம் நடக்கிறது. வெட்டுப்பட்டுச் செத்தவனுக்குக் கல் நட்டுச் சாமியாக்கி வைத்திருக்கிறோம். மதுரைவீரனும் காத்தவராயனும் பிறகு யார்? எங்கள் தெருவில் ஒரு பெரியம்மாவுக்குக் கொடையின்போது இறங்கும். சாதாரண நாளில் ஊரார் முன்னால் தலை நிமிராத பெண் அது. அருள் வந்துவிட்டால், "எந்தக் கிணத்துல போட்டீகடா என்னைய" என்று கேட்கும். கேட்கிற குரல் ஆண் குரல். கேட்கப்படுகிறவர்கள் யார் என்று எல்லாருக்கும் தெரியும். மறுநாள் கேட்டால், "எனக்கு என்னத்தா தெரியும்" என்று சாணி அள்ளப் போய்விடும். பகுத்தறிவு பேசுகிற தோழர்கள் இதை மூடநம்பிக்கை என்று தள்ளிவிட்டு, மாரிசனை மட்டும் மேற்கோள் காட்டுவது எனக்குச் சிரிப்பாக வருகிறது. பேச விடாத வாய் வேறொரு வாயாகப் பேசுகிற வழி இது.

சிரிப்பு என்றதும் பாமா. பழைய ராமநாதபுரம் மாவட்டத்தின் மேற்குக் கோடியிலிருந்து 1992-இல் 'கருக்கு' வந்தது. பனங்கருக்கு இருபுறமும் அறுக்கும் என்பது எங்கள் பக்கத்துப் பிள்ளைகளுக்குப் பாடத்தில் படித்துத் தெரிய வேண்டியதில்லை. அதில் போலீஸுக்கு ஒளிந்து திரிகிற ஒருவர், செத்துப்போன தன் பிள்ளையின் முகம் பார்க்கச் சேலை கட்டிப் பெண்ணாக வருகிற இடம் இருக்கிறது. அழுவதா சிரிப்பதா என்று தெரியாது. கே.ஏ. குணசேகரன் 2005-இல் எழுதிய தன்வரலாற்றுக்கு 'வடு' என்றே பெயர். சேத்தேயின் முதுகில் சவுக்கடி மரம்போலக் கிளைவிட்டுத் தடித்திருக்கிறது. குணசேகரனின் வடு தெரிவது பள்ளிக்கூடத்தில் சாதி கேட்கிறபோது, விருந்தாளியாகப் போன ஊரில் தண்ணீர் கேட்கிறபோது. இளையான்குடி முஸ்லிம் தெருக்களில் அவருக்குக் கிடைத்த மரியாதை இந்துக் கிராமங்களில் கிடைக்கவில்லை என்பதையும் அவர் ஒளிக்கவில்லை. கீழக்கரையில் பிறந்த இன்குலாப்பின் 'மனுசங்கடா' பாட்டைக் குணசேகரன் குரலில் கேட்டவர்களுக்கு இந்த உறவு புரியும்.

கோபம் மட்டும் போதுமா என்ற சண்டை அங்கேயும் நடந்தது. ரிச்சர்ட் ரைட்டின் 'நேட்டிவ் சன்' 1940-இல் வந்தது. கறுப்பனைக் கோபமாகவும் பயமாகவும் மட்டும் சுருக்கிவிடுகிறது இந்த வகை எழுத்து என்று 1949-இல் பால்ட்வின் ஒரு கட்டுரையில் தாக்கினார். 'கோவேறு கழுதைகள்' 1994-இல் வந்தபோது இமையத்தை நாம் என்ன பாடு படுத்தினோம் என்பது இந்தப் பக்கங்களை வாசிக்கிறவர்களுக்குத் தெரியும். அவர் நம்மையே நமக்குக் காட்டினார் என்பது குற்றமாகப் பேசப்பட்டது. இந்த விஷயத்தில் நான் பால்ட்வின் பக்கம்தான், ஆனால் முழுசாக இல்லை. சாதுவாக எழுது என்று ஆதிக்கச் சாதி விமர்சகர் கேட்பது வேறு, பால்ட்வின் கேட்டது வேறு.

கடலையும் விட்டுவிட முடியாது. 'பிலவ்ட்' நாவலில் ஒரு பகுதி அடிமைக் கப்பலின் இருட்டுக்குள்ளிருந்து பேசுவதுபோல இருக்கும். எங்களுக்கு மண்டபம் இருக்கிறது. இலங்கைத் தோட்டங்களுக்குப் போன கூலிகளை அடைத்துவைத்துச் சோதித்து அனுப்பிய முகாம். போனவர்களில் நம் ஜனம் எவ்வளவு என்று சொல்ல வேண்டியதில்லை. 1964 ஒப்பந்தத்துக்குப் பிறகு அவர்களின் பேரப்பிள்ளைகள் தலைமன்னாரிலிருந்து கப்பலேறி ராமேஸ்வரத்தில் வந்து இறங்கினார்கள். 1983-க்குப் பின் அதே மண்டபம் அகதி முகாமானது. புதுமைப்பித்தன் 1930-களில் 'துன்பக்கேணி'யில் ஒரு மருதியைத் தேயிலைத் தோட்டம் வரைக்கும் கொண்டுபோனார். அவர் கதை அவருடையது. மருதியின் பேத்தி தன் வாயால் சொல்வது வேறாக இருக்கும்.

இப்போது எங்கள் இரவுப் பள்ளியில் ஒரு வேலை நடக்கிறது. கல்லூரிப் பிள்ளைகள் ஆறேழு பேர் கிழவிகளிடம் கேட்டு நோட்டில் எழுதுகிறார்கள். கம்பு, மாடு, ஊற்றுத் தண்ணீர் என்று சுற்றிச் சுற்றி வருவதை வெட்டாமல் அப்படியே எழுதச் சொல்லியிருக்கிறேன். சண்டை வந்தது பெயரில்தான். ஊர்ப் பெயர், ஆள் பெயர் எழுதாமல் இது என்ன சாட்சியம் என்று பிள்ளைகள் கேட்கிறார்கள். நியாயம். மாரிசன் கையில் எடுத்தபோது மார்கரெட் கார்னர் செய்தி நூறு வருஷத்துக்கு மேல் பழசு. எங்கள் கிழவிகள் பெயர் சொன்னால், அந்தப் பெயருக்குரியவரின் பேரன் காலையில் அதே பஸ்ஸில் பக்கத்து சீட்டில் வருவான். பூமணி 'வெக்கை'யில் சாதிப் பெயரே சொல்லாமல் ஒரு கொலையையும் ஓட்டத்தையும் எழுதிக் காட்டியிருக்கிறார் என்று நான் சொன்னேன். ஒரு பையன் எழுந்து, "அது நாவல் அக்கா. இது எங்க ஆச்சி" என்றான். அவனுக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. அவன் ஆச்சியிடமே கேட்டோம். அது ரொம்ப நேரம் நோட்டையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "எழுதிக்க. ஆனா என் பேரப் போடாத, அவன் பேரப் போடு" என்றது. அடுத்த வீட்டுக் கிழவியோ ரெண்டு பேரும் வேண்டாம் என்கிறது. இப்போதைக்கு அவரவர் சொன்னபடியே எழுதி வருகிறோம். நோட்டு மூன்றாவது ஓடுகிறது.