59 நாள் ஆயுசு

நம் நாமக்கல் பக்கத்தில் 21 நாள் என்று சொன்னால் யாருக்கும் விளக்கம் வேண்டாம். முட்டையை அடை வைத்தால் குஞ்சு வெளியே வரும் கணக்கு அது. அந்தக் குஞ்சு வளர்ந்து தன் முதல் முட்டையை இட இன்னும் நாலு மாதத்துக்கு மேல் ஆகும். அதற்குள் இரண்டு தலைமுறையை முடித்துவிடும் ஒரு மீனைப் பற்றிச் சமீபத்தில் படித்தேன்.

எவியோட்டா சிஜிலாட்டா என்று பெயர். பவளப்பாறையில் வாழும் உளுவை இனம். நீளம் இரண்டு சென்டிமீட்டர்தான் இருக்கும். இந்தியப் பெருங்கடலில் செஷல்ஸ் தீவுகள் தொடங்கி ஆஸ்திரேலியா வரை உண்டு. அங்கே டெப்சின்ஸ்கி, பெல்வுட் என்ற இரு ஆராய்ச்சியாளர்கள் 2005-ல் இதன் ஆயுளைக் கணக்கிட்டார்கள். அதிகபட்சம் 59 நாள். முதுகெலும்புள்ள உயிர்களில் இவ்வளவு குறைந்த ஆயுள் அதுவரை பதிவானதில்லை.

நாளை எப்படி எண்ணினார்கள் என்று கேட்பீர்கள். மீனின் காதுக்குள் பொடிக்கல் ஒன்று இருக்கிறது. மரத்துக்கு வருடத்துக்கொரு வளையம் போல, அந்தக் கல்லில் தினம் ஒரு வளையம் விழும். அதை மைக்ராஸ்கோப்பில் வைத்து எண்ணினால் வயது தெரிந்துவிடும்.

அந்த 59 நாளில் முதல் மூன்று வாரம் நடுக்கடலில் போய்விடும். பிறகு பாறைக்கு வந்து வளர ஒன்றிரண்டு வாரம். மீதி மூன்றரை வாரம்தான் பெரிய மனுஷ வாழ்க்கை. அதற்குள் பெண் மீன் மூன்று தடவையாகச் சுமார் 400 முட்டை இடும். முட்டைக்குக் காவல் ஆண் மீன். வெளியே வந்தால் பிடித்துத் தின்னப் பெரிய மீன்கள் காத்திருக்கும். இப்படி மறைந்து வாழும் பொடி மீன்கள்தான், பவளப்பாறையில் இரையாகும் மீன்களில் எடைக்கணக்கில் ஏறத்தாழ 60 சதவீதம் என்று 2019-ல் இன்னொரு ஆராய்ச்சி சொன்னது. கண்ணுக்குத் தெரியாத இவைதான் அங்கே எல்லோருக்கும் சோறு போடுகின்றன.

நம் மன்னார் வளைகுடாவிலும் ராமேஸ்வரம் முதல் தூத்துக்குடி வரை 21 தீவுகளைச் சுற்றிப் பவளப்பாறைகள் உண்டு. 1986-ல் அதைத் தேசியப் பூங்கா ஆக்கினார்கள். ஆனாலும் சுண்ணாம்புக்காக வெட்டி எடுத்ததில் பாறை கரைந்து, இரண்டு தீவுகள் கடலுக்குள் போய்விட்டன. வருடத்துக்கு ஏழு தலைமுறை காணும் மீனுக்கு, பாறை இல்லாத ஒரே வருடம் ஏழு தலைமுறைக்கு வீடில்லாத வருடம்.

இதைப் படித்தபோது எனக்குத் தம்பி ஞாபகம்தான் வந்தது. மஞ்சள் காமாலையில் 1987-ல் போனான். வயது 29. வந்த பெரியவர்கள் எல்லோரும் ஒரே சொல்லைச் சொன்னார்கள்: "அற்பாயுசு."

அவன் லாரி பாடி கட்டும் பட்டறையில் 15 வயதில் சேர்ந்தவன். 22 வயதில் சொந்தப் பட்டறை வைத்தான். தங்கை கல்யாணத்தை முன்னே நின்று நடத்தினான். அவனிடம் தொழில் பழகிய இரண்டு பையன்கள் இன்று ஆளுக்கொரு பட்டறை நடத்துகிறார்கள். அவன் போகும்போது மூன்று வயதாக இருந்த மகளின் பையன் இப்போது கல்லூரியில் படிக்கிறான். இதில் அற்பம் எது?

ஆனால் அம்மாவிடம் இந்த மீன் கதையைச் சொல்லி ஆறுதல் தேட முடிந்திருக்காது. 91 வயது வரை இருந்தாள். "மீனுக்கு அவ்வளவுதான் எழுதியிருக்கு. என் பையனுக்கும் அப்படியா எழுதியிருந்துச்சு?" என்று கேட்டிருப்பாள். நியாயமான கேள்வி. 59 நாள் வாழ்ந்த மீன் தன் பங்கை முழுசாக வாழ்ந்தது. தம்பிக்கு அப்படிக் கிடைக்கவில்லை. அந்தக் குறையை எந்த ஆராய்ச்சியும் ஈடுகட்டாது.

குறைந்த ஆயுசு என்று சொல்லுங்கள், ஒத்துக்கொள்கிறேன். அற்பம் என்று மட்டும் சொல்லாதீர்கள். நம் வயதுக்காரர்கள் மாதத்துக்கு இரண்டு துக்க வீட்டுக்காவது போகிறோம். இளவயதுச் சாவு என்றால், அந்தப் பிள்ளை என்னவெல்லாம் செய்தான் என்று வீட்டாரிடம் கேட்டுப் பாருங்கள். அழுதுகொண்டேதான் சொல்வார்கள். ஆனாலும் சொல்வார்கள்.